மருத்துவரைக் கேளுங்கள்: கரு பதிவதற்குக் கருப்பை எவ்வாறு ஆயத்தமாகிறது?

கருக்குழாய் அடைப்பைப் பற்றிச் சென்ற இதழில் எழுதிய பதிலுக்குப் பிறகு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை கருப்பையின் உட்படலத்தைப் பற்றியே கேட்டிருந்தன. ஸ்கேன் அறிக்கையில் அச்சாகி வரும் ஒரு மில்லிமீட்டர் கணக்கு பல குடும்பங்களில் தூக்கத்தைக் கெடுத்துக்கொண்டிருப்பது அக்கடிதங்களிலிருந்து தெரிகிறது. ஆகவே இந்த இதழை அந்த ஒரு பொருளுக்கே ஒதுக்குகிறேன்.

பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திருச்சி

எனக்கு வயது 28. திருமணமாகி 2 ஆண்டுகள் ஆகின்றன. மாதவிடாய் 28 முதல் 30 நாட்களுக்குள் ஒழுங்காக வந்துவிடுகிறது. சென்ற மாதம் முட்டை வளர்ச்சியைப் பார்க்கும் ஸ்கேனில், 13ஆம் நாளன்று கருப்பையின் உட்படலம் 9 மி.மீ. இருப்பதாகவும், மூன்று கோடுகள் தெளிவாகத் தெரிவதாகவும், 15ஆம் நாளன்று முட்டை வெடித்துவிட்டதாகவும் சொன்னார்கள். எல்லாம் சரியாக இருந்தும் நாள் தள்ளிப்போகவில்லை. என் கருப்பைக்குக் கருவைத் தாங்கும் சக்தி இல்லை என்று வீட்டில் பேசுகிறார்கள். கருவை ஏற்பதற்குக் கருப்பை உண்மையில் என்னதான் செய்கிறது?

உங்கள் அறிக்கையில் குறை ஒன்றும் இல்லை என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். 13ஆம் நாளின் ஸ்கேன் பாதி ஆயத்தத்தைத்தான் காட்டும். மீதிப் பாதி அதற்குப் பிறகுதான் நடக்கிறது, அது எந்த ஸ்கேனிலும் முழுமையாகத் தெரிவதில்லை.

கருப்பையின் உட்படலத்தில் இரண்டு அடுக்குகள் உண்டு. தசைச் சுவரை ஒட்டியிருக்கும் அடி அடுக்கு ஒவ்வொரு மாதமும் அப்படியே நிற்கிறது. அதற்கு மேலுள்ள அடுக்குதான் மாதவிடாயில் கழிந்து மீண்டும் வளர்கிறது. இரத்தப்போக்கு இன்னும் நிற்காத 3ஆம், 4ஆம் நாட்களிலேயே அடி அடுக்கிலுள்ள சுரப்பிகளின் முனைகளிலிருந்து புதிய செல்கள் பரவிப் புண்ணான பரப்பை மூடத் தொடங்கிவிடுகின்றன. உடம்பில் வேறு எங்கேனும் இவ்வளவு பெரிய பரப்பு உரிந்தால் தழும்பு விழும். இங்கே மாதந்தோறும் உரிந்தும், 30, 35 ஆண்டுகள் தழும்பின்றி ஆறுகிறது.

அடுத்த பத்து நாட்கள் ஈஸ்ட்ரோஜனுடையவை. சினைப்பையில் வளரும் முட்டைப் பை சுரக்கும் இந்த ஹார்மோனால், மாதவிடாய் முடிந்தபோது 2 அல்லது 3 மி.மீ. ஆக இருந்த படலம் முட்டை வெளிவரும் தறுவாயில் பெரும்பாலோருக்கு 8 முதல் 12 மி.மீ. வரை தடிக்கிறது. சுரப்பிகள் நேரான குழாய்களாக நீள்கின்றன. அவற்றுக்கு இணையாகச் சுருள் தமனிகள் மேல்நோக்கி ஏறுகின்றன. உங்கள் அறிக்கையில் சொல்லப்பட்ட மூன்று கோடுகள் இந்தக் கட்டத்தின் அடையாளம்: எதிரெதிர்ச் சுவர்களின் படலங்கள் தசையோடு சேரும் இடங்கள் இரண்டும், அவை ஒன்றையொன்று தொடும் நடு இடமும் வெண்கோடுகளாகத் தெரிய, இடைப்பட்ட பகுதி கறுத்துத் தெரிகிறது. ஆனால் ஈஸ்ட்ரோஜன் செய்யும் பணிகளில் தடிப்பைவிட முக்கியமான ஒன்று ஸ்கேனுக்குப் புலப்படாதது. அடுத்து வரப்போகும் புரோஜெஸ்டிரோனை அடையாளம் கண்டு பற்றிக்கொள்ளும் ஏற்பிகளைப் படலத்தின் செல்களில் உண்டாக்குவது ஈஸ்ட்ரோஜன்தான். இந்த முன்னேற்பாடு இல்லாத படலத்தில் புரோஜெஸ்டிரோன் எவ்வளவு சேர்ந்தாலும் உரிய பலன் கிடைக்காது.

முட்டை வெடித்து வெளியேறிய பிறகு, அது இருந்த பை மஞ்சள் நிறத் திரளாக மாறிப் புரோஜெஸ்டிரோனைச் சுரக்கத் தொடங்குகிறது. அதுவரை செல்கள் பெருகிக்கொண்டிருந்த படலத்தில் பெருக்கம் அடங்கி, இருக்கும் செல்களின் தன்மை மாறத் தொடங்குகிறது. 1950ஆம் ஆண்டில் நாய்ஸ், ஹெர்ட்டிக், ராக் ஆகிய மூன்று அமெரிக்க மருத்துவர்கள் இந்த மாற்றங்களை நாள்வாரியாக வகுத்து எழுதிய கட்டுரையை நோய்க்குறியியல் மாணவர்கள் இன்றும் படிக்கிறார்கள். முட்டை வெளிவந்த 2, 3 நாட்களில் எடுத்த படலத் துணுக்கை நுண்ணோக்கியில் பார்த்தால், சுரப்பியின் ஒவ்வொரு செல்லிலும் உட்கருவுக்குக் கீழே கிளைக்கோஜன் என்னும் சேமிப்புச் சர்க்கரை நிறைந்த ஒரு குமிழி தெரியும். அது உட்கருவை மேலே தள்ளுவதால் எல்லா உட்கருக்களும் ஒரே வரிசையில் நின்றிருக்கும். இன்னும் 2, 3 நாட்கள் சென்று பார்த்தால் அந்தக் குமிழிகள் செல்லின் மேற்பக்கம் வந்து தம் சரக்கைக் குழாய்க்குள் கொட்டிக்கொண்டிருக்கும், உட்கருக்கள் அடிக்கு இறங்கியிருக்கும். நஞ்சுக்கொடியின் இரத்த ஓட்டம் முழுமையாக அமையும் வரை முதல் சில வாரங்களில் கருவுக்கு ஊட்டம் தருவது இந்தச் சுரப்பிகளே. சுமார் ஒரு வாரத்தில் சுரப்பிகளுக்கு இடையிலுள்ள திசு நீர் கோத்துத் தளர்கிறது. அதன் பின் சுருள் தமனிகளைச் சுற்றிலும் உள்ள செல்கள் பருத்து உருண்டு, கருவைத் தாங்கும் திசுவாக மாறத் தொடங்குகின்றன. சிறப்பு வகை வெள்ளணுக்களும் இக்காலத்தில் அங்கே பெருமளவில் வந்து சேர்கின்றன. தசைச் சுவரையும் புரோஜெஸ்டிரோன் சுருங்காமல் அமைதிப்படுத்துகிறது.

இதற்குள் கருவின் பயணம் தனியே நடந்துகொண்டிருக்கும். கருக்குழாயில் உருவான கரு 3ஆம், 4ஆம் நாளில் கருப்பைக்குள் நுழைகிறது. 5ஆம் நாளில் உள்ளே நீர் கோத்த பந்தாகிறது. 5 அல்லது 6ஆம் நாளில் தன்னைச் சுற்றியிருந்த உறையிலிருந்து வெளிவருகிறது. கோலமாவின் ஒரு துகளளவே இருக்கும் அது படலத்தின் மேல் முதலில் தொட்டு நின்று, பிறகு ஒட்டி, பிறகு உள்ளே புதைகிறது. மாதத்தின் மற்ற நாட்களில் படலத்தின் மேற்பரப்பு எதையும் ஒட்டவிடுவதில்லை. முட்டை வெளிவந்த 6ஆம் நாள் முதல் 10ஆம் நாள் வரையிலான சில நாட்களில் மட்டும், ஒட்டுவதற்கு உதவும் இன்டெகிரின் போன்ற புரதங்கள் அங்கே வெளிப்படுகின்றன. சுரப்பிகள் லிஃப் என்னும் புரதத்தை மிகுதியாகச் சுரக்கின்றன. அந்தப் புரதத்தைச் சுரக்க இயலாத பெண் சுண்டெலிகளில் நல்ல கருக்கள் உருவாகியும் பதியாமல் நின்றுவிட்டதையும், அதே கருக்களை வேறு சுண்டெலிகளின் கருப்பைக்குள் வைத்தபோது பதிந்து வளர்ந்ததையும் 1992இல் ஆய்வாளர்கள் காட்டினார்கள். கரு நன்றாக இருந்தால் மட்டும் போதாது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை.

நாள் எவ்வளவு முக்கியம் என்பதை 1999இல் நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் வெளிவந்த ஆய்வொன்று காட்டியது. கருத்தரிக்க முயன்ற பெண்களின் காலைச் சிறுநீரை நாள்தோறும் சேகரித்து, கரு பதிந்தவுடன் தோன்றும் ஹெச்.சி.ஜி. ஹார்மோனை அதில் தேடினார்கள். 6 வாரங்களேனும் நிலைத்த கர்ப்பங்களில் 84 விழுக்காடு, முட்டை வெளிவந்த 8, 9, 10ஆம் நாட்களில் பதிந்தவை. 9ஆம் நாளுக்குள் பதிந்தவற்றில் 13 விழுக்காடுதான் ஆரம்பத்திலேயே கலைந்தன. 10ஆம் நாளில் பதிந்தவற்றில் 26, 11ஆம் நாளில் 52, அதற்கும் பிந்திப் பதிந்தவற்றில் 82 விழுக்காடு என்று அது ஏறிக்கொண்டே போனது.

இனி உங்கள் வீட்டாருக்குச் சொல்ல வேண்டியது. உடல்நலத்தில் எந்தக் குறையும் இல்லாத இளம் தம்பதியருக்கும் ஒரு மாதத்தில் கர்ப்பம் தரிக்கும் வாய்ப்பு ஏறத்தாழ நான்கில் ஒரு பங்குதான். முட்டையும் விந்தணுவும் சேர்ந்த பிறகும், மரபுத்திரிகளின் (குரோமோசோம்களின்) எண்ணிக்கை பிசகுவதால் எத்தனையோ கருக்கள் பதியும் முன்போ, பதிந்த சில நாட்களிலோ நின்றுவிடுகின்றன. ஒரு மாதம் நாள் தள்ளிப்போகாததைக் கொண்டு ஒரு பெண்ணின் கருப்பையைக் குறை சொல்வதற்கு மருத்துவத்தில் எந்த ஆதாரமும் கிடையாது. ஆனால் 2 ஆண்டுகள் கடந்துவிட்டதால் முழுமையான பரிசோதனை இப்போது அவசியம். அதில் முதலில் செய்ய வேண்டியது, செலவும் சிரமமும் மிகக் குறைந்த உங்கள் கணவரின் விந்துப் பரிசோதனை. உங்கள் கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லாதது எனக்கு வருத்தமளிக்கிறது. இதே போன்ற கடிதங்கள் பலவற்றிலும் அது இருப்பதில்லை.

வாசகி, மதுரை

எனக்கு நீர்க்கட்டிப் பிரச்சினை இருக்கிறது. மூன்று மாதங்களுக்கு ஒருமுறைதான் மாதவிடாய் வருகிறது. ஸ்கேனில் உட்படலம் 15 மி.மீ. இருப்பதாகச் சொன்னார்கள். 7 மி.மீ.க்கு மேல் இருந்தால் கரு நன்றாகப் பதியும் என்று படித்தேன். அப்படியானால் எனக்கு 15 இருப்பது நல்லதுதானே?

இல்லை. முந்தைய பதிலைப் படித்தால் காரணம் உங்களுக்கே விளங்கும். நீர்க்கட்டிப் பிரச்சினையில் பல மாதங்கள் முட்டை வெளிவருவதில்லை. முட்டை வெளிவராவிட்டால் மஞ்சள் திரள் உருவாவதில்லை. அது இல்லாமல் புரோஜெஸ்டிரோன் சுரப்பதில்லை. ஈஸ்ட்ரோஜன் மட்டும் வாரக்கணக்கில் தொடர்ந்து வேலை செய்வதால் படலம் தடித்துக்கொண்டே போகிறது. கருவை ஏற்கும் தன்மை அதற்கு ஒரு நாளும் வருவதில்லை. தன் எடையையும் இரத்த ஓட்டத்தையும் தாங்கமாட்டாமல் அது ஒருநாள் ஒழுங்கின்றிச் சிதையத் தொடங்குவதால்தான், இரண்டு மூன்று மாதம் கழித்து வரும் உதிரப்போக்கு அளவுக்கு மீறியும் பல நாட்கள் நீடித்தும் வருகிறது.

நீங்கள் படித்த 7 மி.மீ. கணக்கு, செயற்கை முறைக் கருத்தரிப்பில், படலம் அதைவிட மெல்லியதாக இருந்தால் வெற்றி குறைகிறது என்ற அனுபவத்திலிருந்து வந்தது. தடிமன் கூடக்கூட வாய்ப்பும் கூடும் என்பது அதன் பொருள் அன்று. புரோஜெஸ்டிரோன் இல்லாமல் ஆண்டுக்கணக்கில் ஈஸ்ட்ரோஜனுக்கு மட்டும் ஆட்பட்டிருக்கும் படலத்தில் அளவுமீறிய செல் பெருக்கமும், நாளடைவில் புற்றுநோயும் வரக்கூடும் என்பதால் இதை அலட்சியம் செய்யக் கூடாது. குழந்தை வேண்டாத காலத்திலும் குறைந்தது மூன்று மாதங்களுக்கு ஒருமுறையேனும் படலம் முழுமையாகக் கழிவதற்கு மருத்துவர் புரோஜெஸ்டிரோன் வகை மாத்திரை தருவது இதற்காகத்தான். குழந்தை வேண்டும்போது முட்டையை வெளிவரச் செய்வதே சரியான சிகிச்சை. அதற்குத் தரும் மாத்திரைகளில் குளோமிஃபீன் சிலருக்குப் படலத்தை மெலியச் செய்யும். லெட்ரோசோலுக்கு அந்தக் குறை பெரும்பாலும் இல்லை என்பதும் அது இன்று முதல் தேர்வாக இருப்பதற்கு ஒரு காரணம். உடல் எடை கூடுதலாக இருந்தால் அதில் 5 விழுக்காட்டைக் குறைத்தாலே பலருக்கு முட்டை தானாக வெளிவரத் தொடங்குகிறது.

ஓய்வுபெற்ற ஆசிரியர், நாகர்கோவில்

எங்கள் வீட்டுப் பசு மாதந்தோறும் உதிரம் போக்குவதில்லை. ஆனாலும் ஒழுங்காகச் சினை பிடிக்கிறது. மனிதப் பெண்களுக்கு மட்டும் ஏன் இந்த மாதவிடாய்? உடம்பில் சேரும் கெட்ட இரத்தம் வெளியேறுவதாக என் பாட்டி சொல்வார். அதில் உண்மை உண்டா?

மிகவும் நல்ல கேள்வி, ஐயா. மாதவிடாயில் வெளிவருவது கெட்ட இரத்தம் அன்று. தமனியிலும் சிரையிலும் ஓடுகிற அதே இரத்தமும், கருவை எதிர்பார்த்து வளர்ந்த படலத்தின் துணுக்குகளும், சிறிது நீர்மமும்தான் அவை. உடம்பின் கழிவுகளை வெளியேற்றச் சிறுநீரகமும் கல்லீரலும் இருக்கின்றன. கருப்பைக்கு அந்த வேலை கிடையாது.

பசுவுக்கும் மனிதருக்கும் உள்ள வேறுபாடு, ஆயத்தம் எப்போது தொடங்குகிறது என்பதில் இருக்கிறது. பசுவின் கரு கருப்பையின் சுவரைத் துளைத்து உள்ளே போவதே இல்லை. சுமார் மூன்று வாரங்கள் கழித்துச் சுவரின் குறிப்பிட்ட மேடுகளில் பற்றிக்கொள்ளத் தொடங்குகிறது. ஆகவே படலத்தை அடியோடு மாற்றியமைக்கும் தேவை அங்கே இல்லை. பருவம் முடிந்த ஓரிரு நாளில் சில பசுக்களில் தெரியும் இரத்தக் கறை வேறு காரணத்தால் வருவது. அதை மாதவிடாயோடு சேர்க்க இயலாது. சுண்டெலியின் கரு சுவருக்குள் புதைகிறது என்றாலும், கரு வந்து தொட்ட பிறகுதான் அங்கே திசு மாறத் தொடங்குகிறது. மனிதரிலோ கரு ஆழமாகப் புதைந்து, தாயின் சுருள் தமனிகளையே திறந்து மாற்றியமைக்கிறது. அவ்வளவு ஆழமாக ஊடுருவும் ஒன்றைத் தாங்கவும், அளவோடு நிறுத்தவும் வேண்டிய திசு, கரு வந்தாலும் வராவிட்டாலும் ஒவ்வொரு மாதமும் முன்கூட்டியே உருவாகிவிடுகிறது. இவ்வாறு மாறிய திசு பழைய நிலைக்குத் திரும்ப இயலாது. புரோஜெஸ்டிரோன் குறைந்தால் கழிந்தே ஆக வேண்டும். இந்த ஏற்பாடு உள்ள பாலூட்டிகள் மிகச் சில: மனிதர், வாலில்லாக் குரங்குகள், குரங்குகளில் பல இனங்கள், சில வகை வௌவால்கள், யானை மூஞ்சூறு, முள் போன்ற மயிர் கொண்ட சுண்டெலி வகைகளில் ஒன்று.

கழிதல் எப்படி நிகழ்கிறது என்பதை ஒருவர் கண்ணால் கண்டு எழுதியிருக்கிறார். மார்க்கீ என்னும் அமெரிக்க உடற்கூற்றியலாளர், ரீசஸ் குரங்குகளின் கருப்பை உட்படலத் துணுக்குகளை அவற்றின் கண்ணின் முன்னறையில் பதித்தார். அங்கே அவை உயிரோடு ஒட்டி வளர்ந்து, ஹார்மோன்களுக்கு ஏற்ப மாதந்தோறும் மாறின. விழியின் தெளிந்த முன்படலத்தின் வழியே அவர் அதை நாள்தோறும் நோக்கினார். 1940இல் அவர் வெளியிட்ட குறிப்புகளின்படி, ஹார்மோன் குறைந்தவுடன் துணுக்கு முதலில் சுருங்குகிறது. அதனால் தமனிகளின் சுருள் இறுகி இரத்த ஓட்டம் மந்தமாகிறது. பிறகு தமனிகள் தாமே இறுக்கிக்கொள்வதால் துணுக்கு வெளிறிப்போகிறது. சில மணி நேரம் கழித்து அந்த இறுக்கம் தளரும்போது நலிந்த சுவர்களின் வழியே இரத்தம் கசிந்து திசு பெயர்கிறது. திசுவைக் கரைக்கும் நொதிகளுக்கும் இதில் பெரும் பங்கு உண்டு என்பது பின்னர் தெரியவந்தது. மாதவிடாயின்போது சுரக்கும் புராஸ்டகிளாண்டின்கள் என்னும் வேதிப்பொருள்களே தமனியையும் கருப்பைத் தசையையும் இறுக்குவதால், அடிவயிற்று வலியும் அவற்றால்தான் வருகிறது.

பாட்டியார் சொன்னதற்கு ஒரு திருத்தம் போதாது என்றே நினைக்கிறேன். அந்த நம்பிக்கையால் கூடுதலாகப் போனால் நல்லது என்று எண்ணி, ஒவ்வொரு மாதமும் பெருகிப்போகும் உதிரத்தைச் சொல்லாமல் இருந்து, கடும் இரத்தசோகையோடு வரும் பெண்களை நாங்கள் இன்றும் பார்க்கிறோம். இயல்பாக ஒரு மாதவிடாயில் இழக்கும் இரத்தம் 30 முதல் 40 மி.லி.தான், 80 மி.லி.க்கு மேல் போவது மிகை. இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை நாப்கின் மாற்ற நேர்ந்தாலும், பெரிய கட்டிகளாகப் போனாலும் மருத்துவரிடம் செல்ல வேண்டும்.

வாசகி, கோயம்புத்தூர்

முதல் முறை ஐ.வி.எஃப். தோல்வியடைந்தது. உறைய வைத்த கருவை அடுத்த மாதம் வைக்கப்போகிறார்கள். அதற்கு முன் உட்படலத்தைக் கீறிவிட்டால் நன்றாகப் பதியும் என்று தோழி சொல்கிறாள். வைத்த பிறகு படுக்கையிலேயே இருக்க வேண்டுமா? மாடிப்படி ஏறலாமா?

கரு உருவான மாதத்திலேயே அதை வைக்காமல், உறைய வைத்துப் பின்னொரு மாதத்தில் வைப்பது நம் நாட்டுக்குப் பெருமை தரும் வரலாறு உடையது. கொல்கத்தாவின் மருத்துவர் சுபாஷ் முகர்ஜி அவ்வாறு வைத்த கருவிலிருந்து 1978 அக்டோபர் 3 அன்று ஒரு பெண் குழந்தை பிறந்தது. அக்காலத்தில் அவரை யாரும் நம்பவில்லை. அவமதிப்புக்கு ஆளாகி 1981இல் அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். பல முட்டைகளை வளர்க்க ஊசி போடும் மாதத்தில் ஹார்மோன்கள் இயல்புக்கு மிஞ்சி உயர்வதால், படலத்தின் மாற்றங்கள் முந்திக்கொண்டு கருவின் வயதோடு பொருந்தாமல் போகலாம்; வேறொரு மாதத்தில் வைப்பதன் நியாயம் இதுவே.

உங்களுக்கு அநேகமாக மாத்திரையாக ஈஸ்ட்ரோஜன் ஏறத்தாழ இரண்டு வாரம் தந்து, படலம் போதிய அளவு வளர்ந்ததை ஸ்கேனில் பார்த்த பிறகு புரோஜெஸ்டிரோனைத் தொடங்குவார்கள். ஐந்து நாள் வளர்ந்த கருவாக இருந்தால் புரோஜெஸ்டிரோன் ஐந்து நாட்கள் முழுமையாகச் சேர்ந்த பிறகு வைப்பார்கள். இந்த முறையில் உங்கள் சினைப்பையில் மஞ்சள் திரள் உருவாகாது. அதன் வேலை முழுவதையும் வெளியிலிருந்து வரும் மருந்தே செய்கிறது. அதனால், வைத்த பிறகு தரும் ஊசியையோ பிறப்புறுப்பில் வைக்கும் மாத்திரையையோ ஒரு வேளைகூடத் தவறவிடாதீர்கள், மருத்துவர் சொல்லும் வாரம் வரை நீங்களாக நிறுத்தவும் கூடாது. படுக்கையைவிட ஆயிரம் மடங்கு முக்கியம் இதுதான்.

படுக்கையில் கிடப்பதால் கரு கூடுதலாகப் பதிவதில்லை என்று பல ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. கருப்பையின் முன்சுவரும் பின்சுவரும் ஒன்றோடொன்று ஒட்டியே இருப்பதால், இடையில் வைத்த கரு நடந்தாலோ படியேறினாலோ கீழே விழ வழியில்லை. வேலைக்குப் போகலாம், சமைக்கலாம், பேருந்தில் ஊருக்குச் செல்லலாம். கீறும் முறையைப் பொறுத்தவரை, 5 நாடுகளில் 1364 பெண்களிடம் நடத்திய பெரிய ஆய்வு 2019இல் வெளிவந்தது. கீறியவர்களிலும் கீறாதவர்களிலும் குழந்தை பிறந்தது ஒரே அளவில், 26.1 விழுக்காட்டினருக்கே. வலியும் செலவும் மட்டும் மிஞ்சும் அந்த முறை உங்களுக்கு வேண்டாம் என்பதே என் கருத்து. மாறாக, முன்பு கருக்கலைப்புக்காகக் கருப்பையைச் சுரண்டியிருந்தாலோ, காசநோய் வந்திருந்தாலோ, மாதவிடாய் இரத்தம் வரவரக் குறைந்துகொண்டே வந்தாலோ, அதை மருத்துவரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். பிறப்புறுப்புகளைத் தாக்கும் காசநோய் நம் நாட்டில் இன்னும் உண்டு; அது அடி அடுக்கையே அரித்துத் தழும்பாக்கிவிட்டால் எவ்வளவு ஹார்மோன் கொடுத்தாலும் படலம் வளராது. அத்தகைய ஐயம் இருந்தால் கரு வைப்பதற்கு முன் கருப்பைக்குள் கேமரா விட்டுப் பார்ப்பது பயனுள்ளது.

வாசகி, சேலம்

கரு பதியும்போது இலேசாக இரத்தம் கசியும் என்கிறார்களே? சிறுநீர்ப் பரிசோதனையை எப்போது செய்தால் சரியாகத் தெரியும்?

சிலருக்கு ஆரம்பக் கர்ப்பத்தில் இலேசான கசிவு இருப்பது உண்மை. ஆனால் அது பெரும்பாலும் கரு பதியும் நாளோடு பொருந்தி வருவதில்லை. மாதவிடாயை எதிர்பார்த்த நாட்களை ஒட்டியே வருகிறது. கசிவு வந்ததைக் கொண்டு பதிந்தது என்றோ, வராததைக் கொண்டு பதியவில்லை என்றோ முடிவு செய்ய இயலாது.

பதிந்த பிறகுதான் ஹெச்.சி.ஜி. தாயின் இரத்தத்தில் சேரத் தொடங்கும். அதுவே மஞ்சள் திரளைக் கலையாமல் காத்து, புரோஜெஸ்டிரோன் குறையாமல் பார்த்துக்கொள்கிறது. பலருக்கு அது முட்டை வெளிவந்த 8 முதல் 10 நாட்களில் தொடங்கி, இரண்டு நாட்களுக்கு ஒருமுறை ஏறத்தாழ இரு மடங்காகப் பெருகும். ஆகவே நாள் தள்ளிப்போவதற்கு நான்கு நாட்களுக்கு முன்பே பார்த்துவிட்டு ஒரு கோடு கண்டு அழ வேண்டியதில்லை. மாதவிடாய் வரவேண்டிய நாள் கடந்த பிறகு, காலையில் முதல் சிறுநீரில் பாருங்கள். அப்போதும் ஒரே கோடு தெரிந்து மாதவிடாயும் வராவிட்டால், ஒரு வாரம் கழித்து மீண்டும் பாருங்கள். இரண்டு கோடு தெரிந்த பிறகு ஒரு பக்க அடிவயிற்றில் கடும் வலியோ, தலைச்சுற்றலோ, தோள்பட்டை வலியோ வந்தால், கரு குழாயிலேயே தங்கியிருக்கக்கூடும். அன்றே, இரவானாலும், மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.